மால்ட்டா அம்மாளுக்கு நாங்கள் வைத்த தலை

ஐயாயிரம் வருஷமாகத் தலையில்லாமல் நிம்மதியாக உட்கார்ந்திருந்த ஓர் அம்மாளுக்குத் தலை வைத்தவன் நான். இதை இதுவரை எந்த பயோடேட்டாவிலும் எழுதியதில்லை. ஆனால் ஷார்ஜா, துபாய் வட்டாரத்தில் எங்களோடு ஒரு தடவையாவது பிரியாணி சாப்பிட்ட குடும்பங்கள் எல்லாவற்றுக்கும் இந்தக் கதை தெரியும். கேட்டு விழுந்து விழுந்து சிரிப்பார்கள். நானும் சேர்ந்து சிரிப்பேன். அவர்கள் கிளம்பிப் போனபிறகு பிரியாணிப் பாத்திரங்களை எல்லாம் நானே தேய்த்துக் கழுவுவேன், தூக்கம் வராது. காரணம், நான் எப்போதும் பாதிக் கதையைத்தான் சொல்வேன். இங்கே மீதியையும் சொல்லிவிடுகிறேன்.

அப்போது எனக்கு இருபத்தாறு வயது. சொந்த ஊர் அறந்தாங்கி. படிப்பு பி.ஏ. வரலாறு. (மூன்று வருஷப் படிப்பை நாலரை வருஷம் ஆழ்ந்து படித்தவன்.) அதற்கு முன்பே ஒரு தடவை தோஹாவுக்குப் போய், தொழில்பேட்டையில் ஒரு கேம்ப்பில் ஆறு மாதம் இருந்து, வேலை சரியில்லாமல் ஊருக்குத் திரும்பி வந்திருந்தேன். அதிலிருந்து ஊரில் எனக்கு 'ரிட்டர்ன் டிக்கெட்' என்று பெயர். டீக்கடையில் என்னைப் பார்த்தால், "அடுத்து எந்த ஊர்ல இருந்து திரும்பி வரப்போற?" என்று கேட்பார்கள். எனவே இரண்டாம் தடவையாக விமானம் ஏறி, இந்த முறை துபாய்க்குக் கிளம்பியபோது ஒரே ஒரு சபதம்தான். செத்தாலும் சரி, இந்தத் தடவை திரும்பக் கூடாது.

துபாயில் அல் கூஸ் பகுதியில் ஒரு கம்பெனி இன்டர்வியூவுக்குக் கூப்பிட்டது. கண்காட்சிகளுக்கு மேடை, பீடம், கண்ணாடிப் பெட்டி எல்லாம் செய்து, பொருட்களை இறக்கி அடுக்கிக் கொடுக்கிற கம்பெனி. மேனேஜர் ஜோஸ் சார், திருச்சூர்க்காரர். தமிழர்களிடம் அவர் பேசுவது தமிழ் என்று அவர் நம்பிக்கொண்டிருந்தார்.

"ஹிஸ்டரி படிச்ச ஆளல்லே? மால்ட்டா அறியுமோ?"

மால்ட்டா என்ற சொல்லை அதற்கு முன் நான் கேட்டதே இல்லை. ஆனால் யால்ட்டா தெரியும், ஐந்து மார்க் கேள்வி. "தெரியும் சார். ரெண்டாம் உலகப்போர் முடியற நேரத்துல பெரிய தலைவர்கள் மூணு பேர் நாற்காலி போட்டு உக்காந்து பேசின ஊர்," என்றேன். ஜோஸ் சாருக்கும் தெரியவில்லை போல. "அதே, அதே," என்று தலையாட்டினார். மறுநாளே வேலைக்குச் சேரச் சொன்னார். ஸ்டோர் கீப்பர், பெட்டிகளுக்குப் பொறுப்பு. விசா மட்டும் இன்னும் அடிக்கவில்லை. "மால்ட்டா வேலை முடியட்டே, அடிக்காம்," என்று சொல்லிவிட்டார்.

அந்த மாதத்து வேலை மால்ட்டா தீவின் தொல்பொருள் கண்காட்சி. இடம் ஷார்ஜாவில் ஒரு மண்டபம். மால்ட்டா எங்கே இருக்கிறது என்று வேலைக்குச் சேர்ந்த பிறகுதான் போனில் தேடிப் பார்த்தேன். இத்தாலிக்குக் கீழே, மத்தியதரைக் கடலில், பேனா தவறி வைத்த புள்ளி மாதிரி இருந்தது. அந்தப் புள்ளிக்குள், எகிப்தில் பிரமிடு எழும்புவதற்கும் முன்னாலேயே, இரும்போ செம்போ கையில் இல்லாத ஜனங்கள் யானை யானையாகக் கல்லை நிமிர்த்திக் கோயில் கட்டியிருக்கிறார்கள். இதெல்லாம் இன்றைக்கு எனக்குத் தெரியும். அன்றைக்குத் தெரிந்தது, பன்னிரண்டு மரப்பெட்டிகள் வந்திருக்கின்றன, அதில் ஏழாம் நம்பர் பெட்டிதான் உயிர் என்பது மட்டும்.

"முருகா, மால்ட்டாவிலிருந்து ஒரு மேடம் வரும், டாக்டர் கார்மென். மேடம் வராம ஒரு பெட்டியும் துறக்கண்டா. கேட்டோ?" என்று ஜோஸ் சார் மூன்று தடவை சொன்னார். (முருகானந்தம் என்ற பெயரை முழுசாகச் சொல்லும் பொறுமை அவருக்கு இருந்ததில்லை.)

மூன்று தடவை சொன்னதால்தான் வினையே. அதைத் திறந்து பார்க்காமல் எப்படி இருப்பது?

அது ஒரு வெள்ளிக்கிழமை. அப்போதெல்லாம் வெள்ளிதான் வார லீவு. ஷட்டர்கள் இறங்கி, ரோட்டில் ஒரு நாய்கூட இல்லாமல், அல் கூஸே வெயிலில் மயங்கிக் கிடந்தது. நான் கோடவுன் சாவியோடு தனியாக உள்ளே போனேன். என் திட்டம் எளிமையானது. ஏழாம் பெட்டியைத் திறந்து, உள்ளே இருப்பதைப் பார்த்து, அதைப் பற்றிப் போனில் நாலு விஷயம் படித்து வைத்துக்கொண்டு, மறுபடி மூடிவிடுவது. சனிக்கிழமை மேடம் வரும்போது நான் சரளமாக எடுத்துவிட, ஜோஸ் சார் அசந்துபோய், அன்றைக்கே விசா அடித்துவிடுவார்.

பெட்டியைத் தள்ளுவண்டியிலிருந்து இறக்கும்போது ஒரு பக்கம் நழுவித் தரையில் 'டங்' என்று இடித்தது. பெரிய இடி ஒன்றுமில்லை. மூடியைக் கழற்றி ஓரமாகப் போட்டேன். மூடியின் உட்புறத்தில் ஒரு கவர் ஒட்டியிருந்தது. (பின்னால் தெரிந்தது, உள்ளே இருக்கும் பொருளின் போட்டோவும் விவரமும் அந்தக் கவரில்தான் இருந்தன. நான் மூடியின் மேலேயே உட்கார்ந்து வேலை செய்தேன்.)

மெல்லிய வெள்ளைத் தாளைக் கீழிருந்து மேலாக விலக்கிக்கொண்டே வந்தேன். தேன் நிறத்தில் ஒரு சிலை, ஒன்றரைச் சாண் உயரம். உரல் மாதிரித் தொடை, அதன்மேல் மடித்து வைத்த குண்டுக் கை, மடிப்பு மடிப்பாக வயிறு. சம்மணம் போட்டுச் சாவகாசமாக உட்கார்ந்திருந்தது. பார்க்கவே மனசுக்கு நிறைவாக இருந்தது. தோள் வரை வந்தேன். அதற்கு மேல் ஒன்றுமில்லை.

தலை இல்லை.

அந்த 'டங்' சத்தம் என் காதில் மறுபடி ஒலித்தது. இந்தத் தடவை கோயில் மணி அளவுக்கு. பெட்டிக்குள் இருந்த ஸ்பாஞ்சை எல்லாம் பிய்த்துத் தேடினேன். 'சாப்பிடாதீர்கள்' என்று எழுதிய ஒரு குட்டிப் பொட்டலம் கிடைத்தது. தலை கிடைக்கவில்லை. தரையில் தவழ்ந்து, தள்ளுவண்டிக்கு அடியில், கம்ப்ரஸருக்குப் பின்னால் எல்லாம் தேடினேன். ஐயாயிரம் வருஷத்துச் சிலையை உடைத்தால் எத்தனை வருஷம் ஜெயில் என்று என் வரலாற்றுப் படிப்பில் எங்கேயும் வரவில்லை. டீக்கடையில் என்ன கேட்பார்கள் என்பது மட்டும் தெளிவாகத் தெரிந்தது.

பழனிவேல் அண்ணனுக்குப் போன் செய்தேன்.

அண்ணனுக்கு விருத்தாசலம் பக்கம். ஊரில் கோயில் கோபுரங்களுக்குச் சுதை பொம்மை செய்துகொண்டிருந்தவர். எங்கள் கம்பெனியில் ஆறு வருஷமாகப் போலிப் பாறை, போலித் தூண், வில்லாக்களுக்கு ஜிப்சம் பூவேலை எல்லாம் அவர்தான். என் ரூமில், கீழ்க் கட்டில் அவருடையது, மேல் கட்டில் என்னுடையது. நான் போன் செய்தபோது கேம்ப்பில் துணி துவைத்துக்கொண்டிருந்தவர், கைலியோடு, சோப்பு நுரை காயாத கையோடு வந்து நின்றார்.

சிலையை ஒரு சுற்றுச் சுற்றி வந்தார். கழுத்துப் பக்கம் குனிந்து பார்த்தார்.

"தம்பி, ஒடைஞ்ச எடம் இப்படி இருக்காதே. இது குழி. வேணும்னே செதுக்கி வெச்சிருக்கான். சுத்தி ஓட்டை வேற போட்டிருக்கான் பாரு."

"அண்ணே, நான் ஹிஸ்டரி படிச்சவன்."

நகத்தால் சிலையின் முதுகைத் தட்டினார். "கல்லு சத்தம் வரலியே. வார்ப்பு மாதிரி இருக்கு."

"அஞ்சாயிரம் வருஷம் மண்ணுக்குள்ள கெடந்தா கல்லு அப்படித்தாண்ணே ஆகும்."

"சரி, ஒடைஞ்ச தலை எங்க?"

"பொடியாப் போயிருக்கும்."

அவர் பெட்டிக்குள் பார்த்தார். பொடியும் இல்லை. நிமிர்ந்து என் முகத்தைப் பார்த்தார். அன்று என் முகம் எப்படி இருந்தது என்று எனக்குத் தெரியாது. ஆனால் அதற்கப்புறம் அவர் ஒரே ஒரு கேள்விதான் கேட்டார்.

"பொம்பளையா, ஆம்பளையா?"

"பொம்பளைதாண்ணே. பாத்தா தெரியலியா?"

ஜிப்சமும் கல்தூளும் கலந்தார். நிறத்துக்கு டீத்தூள் டிகாக்ஷனும் கொஞ்சம் மணலும். ஒரு பெயின்ட் டின்னைக் கவிழ்த்து உட்கார்ந்து, பர்ஸிலிருந்து ஏதோ ஒரு சின்ன படத்தை எடுத்து எதிரே சாய்த்து வைத்தார். சாமி படம் என்று நினைத்தேன். இரண்டு மணி நேரம் அந்த டின்னை விட்டு எழுந்திருக்கவில்லை. கொய்யாக்காய் அளவு உருண்டையிலிருந்து முதலில் நெற்றி வந்தது. பிறகு மூக்கு. பிறகு லேசாக ஒரு பக்கம் இழுத்த மாதிரி ஒரு சிரிப்பு. பின்னால் கொண்டை. கடைசியாக, ஈர்க்குச்சி நுனியால் மூக்கில் ஒரு பொட்டு வைத்தார்.

"மூக்குத்தி எதுக்குண்ணே?"

"மொகம் வெறிச்சுனு இருக்கு."

குழியில் எபாக்சி பசையை ஊற்றி, தலையை இறக்கி, அப்படியே பிடித்துக்கொண்டிருந்தார். காய்ந்தபின் தள்ளி நின்று பார்த்தோம். நிறம் அச்சாக ஒத்துப்போயிற்று. பிறவியிலிருந்தே அந்தத் தலை அந்த உடம்பில்தான் இருந்தது என்று நான் எந்தக் கோர்ட்டிலும் சத்தியம் செய்திருப்பேன். வெள்ளைத் தாளைச் சுற்றி, மூடியைப் போட்டு, திருகுகளை இறுக்கினேன். அன்றைக்கு நான் துபாய் வந்ததிலேயே நிம்மதியாகத் தூங்கினேன். வரலாற்றைக் காப்பாற்றிய தூக்கம்.

மறுநாள் காலை பெட்டிகளை ஷார்ஜா மண்டபத்தில் கொண்டுபோய் இறக்கினோம். டாக்டர் கார்மென் வந்தார். அறுபது வயதிருக்கும். ஒட்ட வெட்டிய வெள்ளை முடி, தட்டைச் செருப்பு, தோளில் ஒரு துணிப்பை. ஏணி பிடித்துக்கொண்டிருந்த பழனிவேல் அண்ணன் உட்பட எல்லோருக்கும் கை கொடுத்தார். மண்டபத்துக்காரர்கள் இரண்டு பேர் வெள்ளைக் கந்தூரா அங்கியில் நின்றார்கள். ஜோஸ் சார் டை கட்டியிருந்தார்.

ஏழாம் பெட்டியை, வாழ்க்கையில் முதல் தடவையாகப் பார்ப்பவன் போல, நான் பயபக்தியோடு திறந்தேன். மேடம் மூடியிலிருந்த கவரைப் பிரித்துப் போட்டோவை எடுத்து வைத்துக்கொண்டார். கையுறை போட்டார். தாளை மேலிருந்து விலக்கினார்.

கொண்டை தெரிந்தது. அப்புறம் நெற்றி. அப்புறம் மூக்குத்தி.

மேடம் போட்டோவைப் பார்த்தார். சிலையைப் பார்த்தார். மறுபடி போட்டோவைப் பார்த்தார். நான் நின்ற இடத்திலிருந்து அந்தப் போட்டோ எனக்கும் தெரிந்தது. அதில் தலை இல்லை.

"இது யார்?" என்று இங்கிலீஷில் கேட்டார். மெதுவாகத்தான் கேட்டார்.

'மேடம், தங்கள் நாட்டின் தொன்மை வாய்ந்த...' என்று நான் மனசுக்குள் வாக்கியம் கட்டிக்கொண்டிருக்கும்போதே, ஏணிப் பக்கத்திலிருந்து பழனிவேல் அண்ணன் குரல் வந்தது.

"மை ஒய்ஃப், மேடம்."

மேடம் ஏணிப் பக்கம் திரும்பிப் பார்த்தார். மேடத்தின் தோள் குலுங்கியது. அழுகிறார் என்று நினைத்து நான் ஜோஸ் சார் முதுகுக்குப் பின்னால் நகர்ந்தேன். அவர் சிரித்துக்கொண்டிருந்தார். கண்ணில் தண்ணீர் வர, பெட்டியைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். ஜோஸ் சார் சிரிக்கவில்லை. கந்தூராக்காரர்கள் ஜோஸ் சாரைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

சிரித்து முடித்து மேடம் விளக்கினார். அந்தச் சிலைகளைச் செய்தவர்கள் உடம்பு தனி, தலை தனி என்றுதான் செய்திருக்கிறார்கள். கழுத்தில் குழி. தலையைக் குழியில் வைத்து, சுற்றியுள்ள ஓட்டைகள் வழியாகக் கயிறு கட்டியிருக்கலாம். வேண்டும்போது தலையை மாற்றியிருக்கலாம், ஆட்டியிருக்கலாம். எதற்காக என்று யாருக்கும் தெரியாது. ஆணா பெண்ணா என்பதுகூட நிச்சயமில்லை. அவர்கள் ஆயிரம் வருஷம் போலக் கோயில் கட்டினார்கள், பிறகு திடீரென்று கட்டுவதை நிறுத்திவிட்டார்கள், அந்த ஜனங்கள் என்ன ஆனார்கள் என்பதற்கும் சரியான பதில் இல்லை என்றார்.

"என்ன சொல்லுது அந்தம்மா?" என்று அண்ணன் என்னிடம் கிசுகிசுத்தார்.

"ஒடையலியாம்ண்ணே. ஆரம்பத்துலேர்ந்தே அப்படித்தானாம். ஆம்பளையாக்கூட இருக்கலாமாம்."

"ஆம்பளையா இருந்தா எம் பொண்டாட்டி கஸ்தூரி என்னைக் கொன்னுடுவா," என்றார். 'நான் அப்பவே சொன்னேனே' என்று சொல்லவில்லை. கடைசிவரை அதை அவர் சொல்லவேயில்லை.

நான் பாதிக் கதை என்று சொன்னேனே, அது இங்கே முடிகிறது. வழக்கமாக இந்த இடத்தில் எல்லோரும் சிரிப்பார்கள், என் மனைவி பாயசம் கொண்டுவருவாள்.

மீதி இதுதான். தலையைப் பிரிக்கிற மருந்து தன்னிடம் இருக்கிறது, மத்தியானம் பொறுமையாகத் தானே எடுத்துவிடுவதாக மேடம் சொன்னார். அவரும் மண்டபத்துக்காரர்களும் மற்ற பெட்டிகளைப் பார்க்கப் போனார்கள். நானும் அண்ணனும் சிலையைப் பின்னறைக்குக் கொண்டுபோய் மேசைமேல் வைத்தோம்.

எனக்குப் பொறுக்கவில்லை. மேடம் வருவதற்குள் தலையை எடுத்து, எல்லாவற்றையும் பழையபடி ஆக்கிவிட்டால் ஜோஸ் சார் மன்னித்துவிடுவார் என்று தோன்றியது.

"வேணாம் தம்பி. பசை கெட்டிப்பட்டுடுச்சு. அந்தம்மா வரட்டும்," என்று அண்ணன் சொல்லிக்கொண்டிருக்கும்போதே நான் தலையைப் பிடித்துத் திருகினேன்.

தலை வந்தது. கூடவே கழுத்துக் குழியும், இடது தோளும், கையில் பாதியும் வந்தன. உடம்பு சாய்ந்து, மேசை விளிம்பில் பட்டு, தரையில் விழுந்து நாலாக உடைந்தது. நான் பதறிப்போய் கையிலிருந்ததை அண்ணன் கையில் கொடுத்தேன். ஏன் கொடுத்தேன் என்று எத்தனையோ தடவை யோசித்திருக்கிறேன். திட்டம் போட்டுச் செய்யவில்லை. கொதிக்கிற பாத்திரத்தைப் பக்கத்தில் நிற்பவரிடம் நீட்டுவோமே, அந்த மாதிரி நீட்டினேன். அவரும் வாங்கிக்கொண்டார்.

கதவு திறந்தது. ஜோஸ் சார்.

"ஆரா செய்தது?"

அண்ணன் கையில் தலை இருந்தது. "நாந்தான் சார்," என்றார்.

"பெட்டி ஆரு துறந்தது?"

"நாந்தான் சார்."

ஜோஸ் சார் என் பக்கம் திரும்பினார். "சாவி நின்டெ கையிலல்லே, முருகா?"

"சாவி மேசை மேல இருந்துச்சு சார். நானே எடுத்துக்கிட்டேன்," என்றார் அண்ணன்.

"அதானோ?" என்று ஜோஸ் சார் என்னைக் கேட்டார்.

வாயைத் திறந்தேன். டீக்கடை தெரிந்தது. அடிக்காத விசா தெரிந்தது. ஆமாம் என்று நான் தலையை ஆட்டினேன்.

அவ்வளவுதான். ஒரு தலையாட்டல். ஒரு நொடிகூட இருக்காது.

மேடம் வந்து தரையைப் பார்த்தார். ஜோஸ் சார் மன்னிப்புக் கேட்டுக் கேட்டுக் கும்பிட்டுக்கொண்டிருந்தார். "நிஜச் சிலை தீவை விட்டு வெளியே வருவதில்லை. இது அச்சில் வார்த்த நகல்," என்று மேடம் சொன்னார். (அண்ணன் நகத்தால் தட்டிக் கண்டுபிடித்தது.) ஆனால் புதிதாக ஒன்று வார்த்து அனுப்ப நேரமில்லை. கண்காட்சி திறந்தபோது நடு மண்டபத்தில் பீடம் மட்டும் காலியாக இருந்தது. அதற்கு விளக்கும் போட்டு, பெயர்ப்பலகையும் வைத்து, என்ன இருந்திருக்க வேண்டும் என்று எழுதியிருந்தார்கள். ஜனங்கள் வந்து காலிப் பீடத்தைப் படித்துவிட்டுப் போனார்கள். அந்த மண்டபத்து வேலை அதற்கப்புறம் எங்கள் கம்பெனிக்கு வரவேயில்லை.

அண்ணனுக்கு விசா கேன்சல். ஒரே வாரத்தில் டிக்கெட்.

அவர் பெட்டி கட்டும்போது நான் ரூமில்தான் இருந்தேன். "அண்ணே, நான் போய் உண்மையைச் சொல்லிடறேன்," என்றேன். சொல்லப்போகிறவன் காலில் செருப்பு இருக்க வேண்டும். எனக்கு இல்லை. அதை அவர் பார்த்தார்.

"விடு. எப்படியும் இந்த வருஷம் போயிடணும்னுதான் இருந்தேன். ரெண்டு பேரும் போயி என்ன ஆகப்போவுது?" என்றார். பிறகு, "கீழ்க் கட்டிலை நீ எடுத்துக்க. மேல ஏசி காத்து நேரா மூஞ்சில அடிக்கும்," என்றார்.

அண்ணன் கிளம்புவதற்கு முந்தின நாள் டாக்டர் கார்மென் எங்கள் கோடவுனுக்கு வந்தார். அண்ணனைத் தேடித்தான் வந்தார். குப்பைக்குப் போகவிருந்த அந்தத் தலையைக் கேட்டு வாங்கி, ஒட்டியிருந்த தோள் துண்டை அண்ணனையே செதுக்கி எடுக்கச் சொன்னார். மனைவியின் பெயரைக் கேட்டு நோட்டில் எழுதிக்கொண்டார். தன் கழுத்துத் துணியில் தலையைச் சுற்றி, பைக்குள் வைத்துக்கொண்டு போனார். தன் மேசைமேல் வைத்துக்கொள்ளப்போவதாகச் சொன்னார்.

எனக்கு அடுத்த வாரம் விசா அடித்தார்கள். கீழ்க் கட்டிலில் படுத்தேன். நிமிர்ந்து பார்த்தால், மேல் கட்டிலின் பலகையில், பாஸ்போர்ட் சைஸ் போட்டோ ஒன்று ஒட்டிப் பிய்த்த தடம் இருந்தது. நாலு மூலையிலும் டேப் மட்டும் மிச்சம். இரண்டு வருஷம் அந்தத் தடத்தைப் பார்த்துக்கொண்டே தூங்கினேன். தூங்கினேன் என்று சொல்வது மரியாதைக்கு.

அப்புறம் கல்யாணம் ஆயிற்று. சாந்தியை அழைத்து வந்தேன். ஷார்ஜாவில் முவைலா பகுதியில் வீடு, ஒரு பெண் குழந்தை. பாதிக் கதை எங்கள் வீட்டில் பழக்கச் சொல்லாகவே ஆகிவிட்டது. ரிமோட்டில் பேட்டரி தீர்ந்ததற்கு நான் ஏசியையே கழற்றிப் போட்ட நாளில் சாந்தி, "போதும், தலை வெச்சுடாதீங்க," என்றாள். அதிலிருந்து வீட்டில் நான் ஸ்க்ரூடிரைவரை எடுத்தாலே என் மகள் ஓடிவந்து, "அப்பா, டோன்ட் புட் எ ஹெட் ஆன் இட்!" என்று கத்துவாள்.

ஒரு நாள் அவள் அப்படிக் கத்தியபோது எனக்குக் கோபம் வந்துவிட்டது. குழந்தையை அறைய ஓங்கிய கையைப் பார்த்து எனக்கே பயமாகிவிட்டது. அன்றைக்குத்தான் சாந்தியிடம் மீதிக் கதையைச் சொன்னேன். அவள் சிரிக்கவில்லை, திட்டவும் இல்லை. "போய்ப் பார்த்துட்டு வாங்க," என்றாள்.

அடுத்த லீவில் போனேன். நடந்து எட்டு வருஷம் கழித்து. பேரீச்சம்பழ டப்பா, தைலம், பால்பவுடர் எல்லாம் ஒரு பையில். ஒரு மன்னிப்புக்கு எத்தனை கிலோ கொண்டுபோக வேண்டும் என்று தெரியாமல் கைக்குக் கிடைத்ததையெல்லாம் வாங்கியிருந்தேன். விருத்தாசலத்தில் இறங்கி, டவுன் பஸ் பிடித்து, விசாரித்துப் போய்ச் சேர்ந்தேன். கீழே இரண்டு அறை மட்டும். மேலே நாலு தூண் நின்று, கம்பி துருப்பிடித்து வானத்தைப் பார்த்துக்கொண்டிருந்தது.

கதவைத் திறந்த அம்மாவை நான் அதற்கு முன் பார்த்ததே இல்லை. ஆனால் பார்த்தவுடன் தெரிந்துவிட்டது. அதே நெற்றி, ஒரு பக்கம் இழுத்த அதே சிரிப்பு, மூக்குத்தி. என்னையறியாமல் கழுத்தைப் பார்த்தேன். (சரியாகத்தான் ஒட்டியிருந்தது.)

அண்ணன் உள்ளேயிருந்து வந்தார். முடி நரைத்திருந்தது. இப்போது கும்பாபிஷேக வேலை கிடைத்தால் போவதாகவும், மற்ற நாளில் டைல்ஸ் ஒட்டுவதாகவும் சொன்னார். "அண்ணே, அன்னிக்கு நான்..." என்று ஆரம்பித்தேன்.

"மொதல்ல சாப்டு," என்றார்.

உட்கார்ந்தோம். அவருடைய மகள், பத்தாவது படிக்கிற பெண், நான் துபாயிலிருந்து வந்திருக்கிறேன் என்று தெரிந்ததும் பரிமாறிக்கொண்டே கதை சொல்ல ஆரம்பித்தாள். "எங்கப்பா துபாய்ல என்ன செஞ்சாரு தெரியுமா மாமா? வெளிநாட்டுலேர்ந்து ஒரு டாக்டரம்மா தலையில்லாத செலையைக் கொண்டாந்து, இதுக்குத் தலை வெக்க யாராலயாச்சும் முடியுமான்னு கேட்டாங்களாம். அவ்ளோ பெரிய கம்பெனில ஒருத்தராலயும் முடியலியாம். எங்கப்பா எங்கம்மா மூஞ்சிய வெச்சாராம். அந்தம்மாவுக்கு ரொம்பப் பிடிச்சுப்போயி, தலையை மட்டும் அவங்க ஊருக்கே எடுத்துட்டுப் போயிட்டாங்களாம்."

ஜோஸ் சார் இல்லை. உடைந்த தோள் இல்லை. விசா கேன்சல் இல்லை. நானும் இல்லை. எட்டு வருஷம் அந்த வீட்டில் சொல்லிச் சொல்லி மெருகேறிய கதையில் எனக்கு ஓர் ஓரத்தில்கூட இடமில்லை.

கஸ்தூரி அக்கா கொண்டுவந்த சாம்பாரில் உப்பு இல்லை. "பாருங்க மாமா," என்றாள் அந்தப் பெண், "எங்கம்மாவுக்கு எதுவுமே ஞாபகம் இருக்காது. தலை மால்ட்டாவுலல்ல இருக்கு?"

எல்லோரும் சிரித்தார்கள். பழகிய சிரிப்பு. தினமும் சிரிப்பார்கள் போல. அண்ணனும் சிரித்தார்.

"நீங்க அப்ப அங்கதான் இருந்தீங்களா மாமா?"

"இருந்தேன்."

"நீங்க என்ன செஞ்சீங்க?"

அண்ணன் சோற்றைப் பிசைந்துகொண்டிருந்தார். நிமிரவில்லை.

"ஒண்ணும் செய்யலம்மா," என்றேன்.

கிளம்பும்போது கஸ்தூரி அக்கா வாசல் வரை வந்தார். "உங்களப் பத்தி அவரு தப்பா ஒரு வார்த்தை சொன்னதில்ல," என்றார். அப்படியானால் இவருக்கு எல்லாம் தெரியும். பிறகு, மேலே நின்ற தூண்களைப் பார்க்காமலே சொன்னார். "இன்னும் ரெண்டு வருஷம் அங்க இருக்கணும்னுதான் நெனச்சிருந்தாரு. மாடி போட்டுட்டு வந்துடலாம்னு." கோபமாகச் சொல்லவில்லை. பஸ் எத்தனை மணிக்கு என்று சொல்கிற குரலில் சொன்னார்.

அதற்கப்புறம் பொங்கலுக்கும் தீபாவளிக்கும் போன் செய்கிறேன். அண்ணன் இரண்டு வார்த்தை பேசிவிட்டு அக்காவிடம் கொடுத்துவிடுவார். வெளிநாடு எல்லாம் ஒன்றுக்கொன்று அடுத்த தெரு என்பது அக்காவின் எண்ணம். எடுத்ததும் முதல் கேள்வி, "என் தலையப் போயிப் பாத்தீங்களா?" என்பதுதான். பின்னால் அந்தப் பெண் சிரிப்பது கேட்கும். சாந்தி ஸ்பீக்கரில் போடச் சொல்லி அவளும் சிரிப்பாள்.

"இன்னும் இல்லக்கா. அடுத்த லீவுக்குக் கட்டாயம் போறேன்," என்பேன் நான்.

"போனா அதுகிட்ட சொல்லுங்க," என்பார். "ஒடம்பு இங்க நல்லாத்தான் இருக்கு, முழங்கால்தான் வலிக்குதுன்னு."